ஏறாத மலையின் சுனைத் தண்ணீர்

மொன்றியல் விமான நிலையத்தில் என் பெட்டி வரவில்லை. எல்லோரும் தங்கள் தங்கள் பெட்டிகளைத் தூக்கிக்கொண்டு போன பிறகும் ஒரு மடித்த குழந்தை வண்டி மட்டும் பட்டையில் சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருந்தது. வேறு யாராவது என்றால் தலையில் கைவைத்திருப்பார்கள். எனக்கோ நெஞ்சுக்குள் பால் வார்த்ததுபோல இருந்தது. அந்தப் பெட்டிக்குள் ஒரு போத்தல் தண்ணீர் இருந்தது. அது அத்திலாந்திக் கடலுக்குள் விழுந்து தொலையட்டும் என்று வழிநெடுக வேண்டிக்கொண்டுதான் வந்திருந்தேன்.

பெட்டி தொலைத்தவர்களுக்கான மேசையில் ஒரு பெண்மணி இருந்தார். பிரெஞ்சு மணக்கும் ஆங்கிலத்தில், பெட்டியில் என்னென்ன இருந்தன என்று கேட்டு ஒவ்வொன்றாக எழுதினார். நாலு சேட்டு, ஒரு வேட்டி, சவர சாமான், ஒரு போத்தல் தண்ணீர். பேனா நின்றது. “ஐயா, எங்கள் நாட்டிலும் தண்ணீர் இருக்கிறது” என்றார். அதன் மதிப்பு என்ன என்ற கட்டத்தில் எதை எழுதுவது என்று அடுத்துக் கேட்டார். ஒரு கோடு போட்டுவிடுங்கள் என்றேன். பிறகு அவர் என்னை ஆறுதல்படுத்தினார்: “கவலைப்படாதீர்கள். இங்கே எதுவும் தொலைவதில்லை, பிந்துகிறது, அவ்வளவுதான்.” என் பயணத்தில் என்னை நடுங்கவைத்த முதல் வசனம் அதுதான்.

தண்ணீரின் கதையை இப்போதே சொல்லிவிடுகிறேன். நான் வேல்ஸ் நாட்டின் தலைநகர் கார்டிஃபில் இருபத்திரண்டு வருடமாகக் கடை வைத்திருக்கிறேன். லண்டனிலிருந்து வரும் ஒரு தமிழ் மாத இதழில் பயணக் கட்டுரையும் எழுதுகிறேன். வேல்ஸ் என்றால் மகேந்திரனைக் கேள் என்று புலம்பெயர்ந்த தமிழ் உலகில் ஒரு பெயர் இருக்கிறது. உண்மையில் எனக்குத் தெரிந்த வேல்ஸ் என் கடை, நான் சாமான் எடுக்கும் மொத்தக்கடை, இரண்டுக்கும் இடைப்பட்ட நெடுஞ்சாலை. வேல்ஸ் மொழியில் எனக்குத் தெரிந்த ஒரே சொல் ‘அரவ்’. மெதுவாகப் போ என்று அர்த்தம். அதுவும் தெருவில் பெரிய எழுத்தில் தீட்டி வைத்திருப்பதால் தெரியும்.

ஆறு வருடங்களுக்கு முன் தென் வேல்சின் உயர்ந்த மலையான பென்-அ-வான் மீது ஏறியதாக ஒரு கட்டுரை எழுதினேன். மலைக்குப் போனது நிசம். வாகனத் தரிப்பிடத்தில் இறங்கியபோது மழை பிடித்துக்கொண்டது. அங்கே தேநீரும் ரொட்டியும் விற்கும் ஒரு வண்டி நின்றது. இரண்டு ரொட்டி சாப்பிட்டு, அறிவிப்புப் பலகையை இரண்டு தரம் வாசித்துவிட்டு வீட்டுக்கு வந்தேன். கட்டுரையில் மட்டும் உச்சிவரை ஏறினேன். உச்சி வெறுமையாக இருந்தால் வாசகர்கள் ஏமாந்துபோவார்களே என்று அங்கே ஒரு சுனையை வைத்தேன். அதன் பக்கத்தில் சங்கிலியில் கட்டிய இரும்புக் கோப்பையையும் வைத்தேன். தண்ணீர் நம் யாழ்ப்பாணத்து நிலாவரைக் கிணற்றின் மேல்தண்ணீர்போல இனித்தது என்றும் எழுதினேன். எனக்குப் பாராட்டுக் கடிதங்கள் வந்தன.

அந்தக் கட்டுரையை மொன்றியலில் இருந்து வாசித்தவர்களில் ஒருவர் நடேசு அத்தான். என் பெரியம்மாவின் மகள் இந்திராணி அக்காவின் கணவர். போன வருடம் மாரடைப்பில் காலமானார். முதலாம் ஆண்டுத் திவசத்துக்கு வரச்சொல்லி அக்கா போன் எடுத்தபோது, வரும்போது அந்தச் சுனையில் ஒரு போத்தல் தண்ணீர் எடுத்து வா, அத்தானின் படத்துக்கு முன்னால் வைப்போம் என்றார். என்றைக்காவது ஒரு நாள் அதில் குடிக்கவேண்டும் என்று அத்தான் சொல்லிக்கொண்டே இருந்தாராம். நான் ஓம் என்றேன். போனில் யார் எதைக் கேட்டாலும் ஓம் என்று சொல்லிவிடும் வியாதி எனக்கு உண்டு.

இருந்தது மூன்று வாரம். மலை இருப்பது ஒரு மணிநேர ஓட்டத்தில். போயிருந்தால் சுனை இல்லை என்றாவது தெரிந்திருக்கும். மூன்று ஞாயிறும் மழை பெய்தது, வேல்சில் அது ஒரு சாக்காக எடுபடாது. கடைசியில் புறப்படும் அன்று காலை என் குசினிக் குழாயில் போத்தலை நிரப்பினேன். கார்டிஃபின் குழாய்த் தண்ணீர் வருவது அந்த மலையடியில் இருக்கும் நீர்த்தேக்கங்களிலிருந்துதான். மலையில் பெய்த மழையே என் குழாயில் வருகிறது, நான் மலைக்குப் போகவில்லை, மலை என்னிடம் வந்தது என்று எனக்கு நானே வழக்காடி வென்றேன். அந்த வெற்றி ஹீத்ரோவரைக்கும் தாங்கவில்லை.

விமான நிலையத்துக்கு அக்காவின் மகன் தர்சன் வந்திருந்தான். இங்கேயே பிறந்து வளர்ந்தவன், லொங்குய்யில் ஒரு கணக்கியல் அலுவலகத்தில் வேலை. பெட்டி தொலைந்ததற்காக என்னைவிட அதிகம் வருந்தினான். காரில் வரும்போது ஒவ்வொரு சந்தியிலும் சிவப்புப் பலகையில் ‘அரே’ என்று பிரெஞ்சில் எழுதியிருந்ததைப் பார்த்தேன். வேல்சில் மெதுவாகப் போ என்று இரண்டு மொழியில் கெஞ்சுகிறார்கள், இங்கே நில் என்று ஒரே மொழியில் கட்டளையிடுகிறார்கள். இதைக் கட்டுரையில் வைக்கவேண்டும் என்று குறித்துக்கொண்டேன். குற்றவாளிக்கும் தொழில் புத்தி போவதில்லை.

நகரின் மேற்கோரம், ரொக்ஸ்பரோவில் அக்காவின் வீடு. கதவைத் திறந்ததும் அக்கா என்னைக் கட்டிப்பிடித்து அழுதார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்ட முதல் கேள்வி:

“தண்ணி கொண்டு வந்தனியே?”

“பெட்டி வரேல்லை அக்கா. அதுக்குள்ளைதான் இருக்கு.”

அக்காவின் முகம் வாடிப்போனது. என்னைத் திட்டாமல் இடியப்பமும் சொதியும் போட்டு, பக்கத்தில் இருந்து பரிமாறினார். திவசம் முடியும்வரை வீட்டில் மரக்கறிதான். பதினாறு இடியப்பம் சாப்பிட்டேன். மனச்சாட்சி உறுத்தினால் பசி எடுக்காது என்று எழுதுகிறவர்கள் அக்காவின் சொதியைக் கண்டதில்லை.

சாப்பாட்டுக்குப் பிறகு விசயத்துக்கு வந்தார். திவசத்தன்று வருகிறவர்களுக்கு ஒரு நினைவு மலர் கொடுப்பது நம் வழக்கம். முன்னால் படம், பிறகு தேவாரம், வாழ்க்கை வரலாறு, கடைசியில் வீட்டில் வைத்துப் பயன்படுத்தும்படி ஏதாவது. சிலர் சமையல் குறிப்பு போடுவார்கள், சிலர் விரதநாட்கள் போடுவார்கள். அக்கா போட விரும்பியது அத்தானின் கொப்பியை. முப்பது வருடம் துறைமுகப் பக்கத்துக் கிடங்கில் வேலைசெய்த மனிதர், பஸ்ஸில் போகும்போதும் வரும்போதும் வேல்ஸ் நாட்டைப் பற்றிப் பழைய பயணிகள் எழுதியதை எல்லாம் வாசித்துத் தமிழில் எழுதி வைத்திருந்தார். நான் அதைப் படித்து, எல்லாம் சரி என்று முன்னுரை எழுதிக் கையெழுத்து வைக்கவேண்டும். வியாழன் பின்னேரம் ஐந்து மணிக்குள் அச்சகத்துக்குக் கொடுக்கவேண்டும்.

எனக்கு ஏன் இந்தப் பொறுப்பு என்று அக்கா ஒளிக்காமல் சொன்னார். அத்தானை ஊர்ச்சனம் ‘வேல்ஸ்காரன்’ என்று பகிடி பண்ணும். கலியாண வீடு, கோயில் எங்கே போனாலும் அவர் வேல்சைப் பற்றித் தொடங்குவார், ஆட்கள் எழும்பிப் போவார்கள். ஒரு நாளும் அந்தப் பக்கம் போகாத ஆளுக்கு என்ன தெரியும் என்று முகத்துக்கு நேரேயே கேட்டிருக்கிறார்கள்.

“உயிரோடை இருக்கேக்கை சிரிச்சது போதும்,” என்றார் அக்கா. “அதிலை ஒரு பிழையும் இல்லையெண்டு அங்கை இருக்கிற நீ சொல்லிப்போட்டியெண்டால், ஒருத்தரும் வாய் திறக்கமாட்டினம்.”

செவ்வாய்க்கிழமை முழுவதும் கொப்பியோடு இருந்தேன். முன்னறையில் ஜன்னலோரம் ஒரு பழைய மரப்பெட்டியில் கறிவேப்பிலை நின்றது. அந்தப் பெட்டிதான் எல்லாவற்றுக்கும் தொடக்கம் என்று அக்கா சொன்னார். வந்த புதிதில் ஒரு தேவாலயத்தின் பழைய சாமான் விற்பனையில் கறிவேப்பிலை வைப்பதற்காக அத்தான் அந்தப் பெட்டியைத் தூக்கிவந்தாராம். அதற்குள் பழைய புத்தகங்கள் கிடந்தன. எறிய மனம் வராமல் ஒன்றைக் கையில் எடுத்தவர் பிறகு கீழே வைக்கவில்லை.

இருநூறு வருடத்துக்கு முன் ஐரோப்பாவில் சண்டை. பிரான்சுக்கும் இத்தாலிக்கும் உல்லாசம் போக வழியில்லாத ஆங்கிலேயக் கனவான்கள் பக்கத்திலிருந்த வேல்சுக்குப் படையெடுத்தார்கள். போனவர்கள் புத்தகம் எழுதினார்கள். எல்லோரும் மழையைத் திட்டினார்கள், சத்திரத்துப் படுக்கையைத் திட்டினார்கள், தங்களுக்கு விளங்காத மொழியைச் சத்தம் என்று எழுதினார்கள். பலர் முன்னால் போனவரின் புத்தகத்தைப் பார்த்து அப்படியே எழுதினார்கள். இது எனக்கு இதுவரை தெரியாது. அந்த நாட்டில் இருபத்திரண்டு வருடம் இருந்து, அந்த நாட்டின் கதையை ரொக்ஸ்பரோவில் ஒரு கிடங்குத் தொழிலாளியின் கொப்பியில் படித்தேன். வெட்கமாக இருந்தாலும் வாசிப்பை நிறுத்த முடியவில்லை.

அத்தானிடம் ஒரு முறை இருந்தது. ஒவ்வொரு செய்திக்குக் கீழும் சிவப்புப் பேனாவால் தீர்ப்பு எழுதியிருந்தார். மூன்றே தீர்ப்புகள்: கண்டது, கேட்டது, கொப்பியடிச்சது. பெண்கள் நடந்துகொண்டே காலுறை பின்னுவார்கள் என்று ஐந்து பேர் எழுதியிருந்தார்கள். முதலாமவருக்குக் கண்டது, மற்ற நால்வருக்கும் கொப்பியடிச்சது. வேடன் துரத்தினால் பீவர் என்னும் ஆற்று விலங்கு தன் விதையைத் தானே கடித்து எறிந்துவிட்டு ஓடும் என்று மிகப் பழைய பாதிரியார் ஒருவர் சொன்னதற்குக் கீழே: ‘கேட்டது. பீவரிடம் கேட்டிருக்க முடியாது. பீவரின் நாடான கனடாவில் இவ்வளவு காலம் இருந்தும் நானும் கேள்விப்படவில்லை.’ தனியே இருந்து வாய்விட்டுச் சிரித்தேன்.

இன்னோர் இடத்தில், பழைய வேல்சில் வீட்டுக்கு வருகிறவனுக்குக் கால் கழுவத் தண்ணீர் கொடுப்பார்கள், அவன் கழுவினால் இரவு தங்குகிறான் என்று அர்த்தம், என்று இருந்தது. தீர்ப்பு: கண்டது. மொழியைச் சத்தம் என்று எழுதிய கனவானுக்குப் பக்கத்தில் மட்டும் தீர்ப்பு இல்லை. அதற்குப் பதில் சின்ன எழுத்தில், ‘நான் கிடங்கில் சேர்ந்த முதல் வருடம் எங்களைப் பற்றியும் ஒருவன் வீட்டில் போய் இப்படித்தான் சொல்லியிருப்பான்’ என்று எழுதியிருந்தார். அதை வாசித்த பிறகு எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்த மனிதரோடு நான் போனில் கதைத்ததெல்லாம் சுகமா, மழையா, வாங்கோவன் ஒருக்கா என்பதற்குமேல் போனதில்லை. ஒருமுறை அவர் உண்மையிலேயே நாள் குறித்துக் கேட்டார். கடையில் வேலை அதிகம், அடுத்த கோடைக்குப் பார்ப்போம் என்றேன். அதை நினைக்க இப்போதும் என்மேல் எனக்குக் கோபம் வருகிறது.

கடைசிக்கு முதல் பக்கத்தில் நான் வந்தேன்.

‘பென்-அ-வான் உச்சியில் சங்கிலிக் கோப்பையோடு ஒரு நற்சுனை உண்டு. பழைய பயணிகள் எவரும் இதைச் சொல்லவில்லை. அவர்கள் கவனிக்காமல் விட்டிருக்கவேண்டும். இந்திராணியின் தம்பி மகேந்திரன் எழுதியிருக்கிறார்.’ கீழே சிவப்பில்: ‘கண்டது.’

அத்தனை பேரையும் நிறுத்திவைத்து விசாரித்தவர், சொந்தக்காரன் என்பதற்காக என்னை மட்டும் விசாரிக்காமல் விட்டிருந்தார். கொப்பியில் இருந்த ஒரே பொய் என்னுடையது. அதை மெய் என்று கையெழுத்து வைக்கத்தான் அக்கா என்னை அழைத்திருந்தார்.

புதன்கிழமை ஒரு கோழைத் திட்டத்தோடு புறப்பட்டேன். அக்கா இல்லாத இடத்தில் தர்சனைச் சந்தித்து, பக்கம் கூடிவிட்டது என்று ஏதாவது சொல்லி, அந்த ஒரு பக்கத்தை மட்டும் கழற்றிவிடலாம். பஸ்ஸில் போய் மெத்ரோ எடுத்தேன். லொங்குய்க்கு மஞ்சள் பாதையில் மாறவேண்டும் என்று தர்சன் வரைந்து கொடுத்திருந்தான். இரண்டு தரம் பச்சைப் பாதையில் ஏறி, இரண்டு தரம் திரும்பி வந்தேன். மூன்றாம் தரம் ஒரு முதியவரிடம், வரும் வழியில் மனப்பாடம் செய்த பிரெஞ்சில் வழி கேட்டேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு ஆங்கிலத்தில் பதில் சொன்னார். நான் மறுபடியும் பிரெஞ்சில் நன்றி சொன்னேன். அவர் ஆங்கிலத்தில், “ஐயா, உங்கள் ரயில் போகப்போகிறது” என்றார். அதுவும் போய்விட்டது.

தர்சன் ஒரு கடையில் பூட்டின் வாங்கித் தந்தான். பொரித்த உருளைக்கிழங்கின்மேல் பாற்கட்டித் துண்டுகளைப் போட்டு மேலால் குழம்பு ஊற்றுவார்கள். கிழங்கும் பாலும்தானே, விரதத்துக்குப் பங்கமில்லை என்று வழித்துச் சாப்பிட்டேன். முடிந்த பிறகுதான் குழம்பு மாட்டெலும்பில் வைப்பது என்று சொன்னான். அவன் தனக்கு வாங்கியிருந்தது வெறும் கிழங்கு.

பக்கம் கழற்றும் கதையை நான் தொடங்குமுன் அவன் தொடங்கிவிட்டான். அவனுக்கு வேல்ஸ் பகுதியே மலரில் வேண்டாம். அப்பாவோடு கிடங்கில் வேலைசெய்த பாலா அங்கிள்தான் வேல்ஸ்காரன் என்ற பெயரை வைத்தவராம். அவர்தான் இப்போதும் அதைச் சொல்லிச் சிரிக்கிறவர், அவரும் ஞாயிற்றுக்கிழமை வருவார்.

“நான் சின்னனிலை அப்பாவோடை போக வெக்கப்பட்டனான் மாமா,” என்றான். “அப்பாவே இல்லாத நேரத்திலை அவரைப் பாத்துச் சிரிக்க நான் விடமாட்டன். நீங்கள் அங்கை இருக்கிறீங்கள். எல்லாம் சரியெண்டு நீங்கள் சொன்னா நான் ஓம் எண்டுறன். அம்மாவுக்காக.”

நான் தலையாட்டினேன். வாயில் மாட்டெலும்புக் குழம்பின் சுவை அப்படியே இருந்தது.

வீடு திரும்பியபோது வாசலில் என் பெட்டி நின்றது. அந்தப் பெண்மணி சொன்னது சரி, எதுவும் தொலையவில்லை. வேட்டியைத் தோய்க்கவேண்டுமே என்று அக்கா பெட்டியைத் திறந்திருந்தார். போத்தல் துடைக்கப்பட்டு, ஒரு செவ்வரத்தம்பூவோடு அத்தானின் படத்துக்கு முன்னால் இருந்தது. மலைத்தண்ணீர் எவ்வளவு தெளிவாக இருக்கிறது பார் என்றார் அக்கா. கார்டிஃப் நகரத்தார் அதை நன்றாகத்தான் வடிகட்டியிருந்தார்கள்.

வியாழன் காலை முன்னுரை எழுத உட்கார்ந்தேன். ‘இதில் உள்ளவை அனைத்தும்’ என்று நாலு தரம் தொடங்கினேன். இவ்வளவு காலமும் பொய்யை எழுதும்போது என் பேனா நின்றதில்லை, அன்றைக்கு நின்றது. மதியம் வரை அந்த மூன்று சொற்களுக்குமேல் ஏறவில்லை. மூன்று மணிக்கு அச்சகத்திலிருந்து போன் வந்தது. அக்கா ஐந்து மணிக்குத் தந்துவிடுவோம் என்று சொல்லிவிட்டு என் முன்னால் வந்து நின்றார்.

“அக்கா, நான் அந்த மலையிலை ஏறேல்லை,” என்றேன்.

முழுக் கதையையும் சொன்னேன். மழை, இரண்டு ரொட்டி, அறிவிப்புப் பலகை, வாசகர் கடிதம், எதையும் விடவில்லை. அக்கா கதிரையில் இருந்தார். படத்துக்கு முன்னால் இருந்த போத்தலைக் காட்டிக் கேட்டார்.

“அப்ப இது எங்கத்தைத் தண்ணி?”

“என்ரை வீட்டுக் குழாய்த் தண்ணி. அந்த மலையடிக் குளத்திலையிருந்துதான் குழாய்க்கு வாறது.”

“அதை அப்பிடியே சொல்லித் தந்திருந்தாலும் நான் வச்சிருப்பனே.”

அவ்வளவுதான் சொன்னார். அக்கா கத்தியிருந்தால் தாங்கியிருப்பேன். என் ஐம்பத்துநாலு வயதில் அவ்வளவு சிறுத்துப்போனது கிடையாது. அக்கா எழுந்து போத்தலை எடுத்துத் திறந்து, கறிவேப்பிலைக்கு முழுவதையும் ஊற்றினார். பிறகு அத்தானின் மேசை லாச்சியிலிருந்து சிவப்புப் பேனாவை எடுத்து வந்து கொப்பியைத் திறந்து என் முன்னால் வைத்தார்.

“அவர் பிழையெண்டு கண்டால் கிழிக்கமாட்டார், கீழை எழுதுவார். நீயும் எழுது. உன்ரை பேரைப் போட்டு எழுது.”

நான் ‘கண்டது’ என்பதை வெட்டினேன். கீழே, ‘காணாதது. நான் இம்மலையில் ஏறவில்லை. அடியில் தேநீர் குடித்துவிட்டுத் திரும்பிவிட்டேன். மகேந்திரன்’ என்று எழுதினேன். அதன் பிறகு முன்னுரை தானாக வந்தது, ஐந்தே வரி. இந்தக் கொப்பியில் உள்ள ஒரே பொய் என்னுடையது, மற்றவற்றைச் சரிபார்க்கும் தகுதி எனக்கு இல்லை, இதை எழுதியவர் என்னைவிட வேல்சை நன்கு அறிந்தவர் என்பதே அதன் சுருக்கம். தர்சன் வேலையிலிருந்து நேரத்தோடு வந்து அதை வாசித்தான். என்னை ஒருமுறை பார்த்தான். அச்சகத்துக்குப் போகக் கார்த் திறப்பை எடுத்தான். அக்கா வாசல்வரை வந்து, நான் எழுதியதற்குக் கீழே அரைப் பக்கத்தை வெறுமையாக விடும்படி அச்சகத்தில் சொல்லச் சொன்னார். இவன் ஏறிப் பார்த்துவிட்டுச் சொல்லட்டும், மலர் வைத்திருக்கிறவர்கள் எழுதிக்கொள்ளட்டும் என்றார்.

ஞாயிறு காலை வீட்டில் திவசம், மதியம் ஒரு மண்டபத்தில் சாப்பாடு. வடை பாயசம் முடிந்து தேநீர் வரும் நேரத்தில் ஆட்கள் மலரைப் புரட்டத் தொடங்கினார்கள். பாலா அண்ணையை எனக்கு யாரும் காட்டவேண்டியிருக்கவில்லை. குரலே காட்டிக்கொடுத்தது. கண்ணாடியை மூக்கில் இறக்கி, நம்ம வேல்ஸ்காரன் என்ன எழுதியிருக்கிறான் பார்ப்போம் என்று சத்தமாக வாசிக்கத் தொடங்கினார். தர்சன் கதிரையிலிருந்து பாதி எழுந்துவிட்டான். அக்கா அவன் கையைப் பிடித்தார்.

அவர் வாசித்தது என் பக்கத்தை. ‘அடியில் தேநீர் குடித்துவிட்டுத் திரும்பிவிட்டேன்’ என்ற இடத்தில் மண்டபமே சிரித்தது. யார் அந்த மகேந்திரன் என்று கேட்டார்கள். நான் கையைத் தூக்கினேன். மறுபடியும் சிரித்தார்கள். யாரோ எனக்கு இன்னொரு தேநீரை அனுப்பி, குடித்துவிட்டுத் திரும்பும்படி சொன்னார். பரிமாறிக்கொண்டிருந்த பெண்கள்கூட நின்று என்னைப் பார்த்தார்கள். என் வாழ்க்கையில் இவ்வளவு வாசகர்களை ஒரே இடத்தில் நான் கண்டதில்லை. அக்காவும் சிரித்தார். நான் வந்து இறங்கிய நாளிலிருந்து அன்றைக்குத்தான் அவர் சிரித்துக் கண்டேன்.

சிரிப்பு அடங்கிய பிறகும் பாலா அண்ணை மலரை மூடவில்லை. சத்தமில்லாமல் முதல் பக்கத்திலிருந்து வாசித்துக்கொண்டிருந்தார். தேநீர் ஆடை கட்டிப்போனது. கிடங்கைப் பற்றிய அந்தச் சின்ன எழுத்து வரியில் அவர் விரல் நின்றதை நான் பார்த்தேன். அது அவரும் சேர்ந்து வேலைசெய்த கிடங்கு. ஆட்கள் கலையத் தொடங்கியபோது எழுந்து அக்காவிடம் வந்தார்.

“பக்கத்திலை இருந்து வேலை செய்தும் தெரியாமப் போச்சுது தங்கச்சி,” என்றார். “அவன் இவ்வளவு படிச்சிருக்கிறான். நான் சும்மா பகிடி பண்ணிப்போட்டன்.”

அக்கா அவருக்கு இன்னொரு மலரைக் கொடுத்தார். அவர் அதை மேற்சட்டையின் உள்பையில் வைத்துக்கொண்டு போனார்.

கார்டிஃபுக்குத் திரும்பி வந்த மூன்றாம் ஞாயிறு பென்-அ-வானுக்குப் போனேன். மழை பெய்தது. தேநீர் வண்டி அதே இடத்தில் நின்றது. அதைப் பார்க்காமல் நடந்தேன். வழியில் என்னை முந்திப் போனவர்களில் எழுபது வயதுப் பெண்மணி ஒருவரும், மூன்று காலில் ஓடிய நாய் ஒன்றும் அடக்கம். ஐந்து இடத்தில் உட்கார்ந்தேன், ஓரிடத்தில் அத்தானைத் திட்டினேன், பிறகு அவரோடு கதைத்துக்கொண்டே ஏறினேன். அவர் நாள் குறித்துக் கேட்ட அந்தக் கோடையில் இருவருமாக இப்படி ஏறியிருக்கலாம். அவர் எனக்கு ஒவ்வொரு கல்லையும் விளக்கியிருப்பார்.

உச்சியில் நின்று, சொல்லிவைத்திருந்தபடி அக்காவுக்குப் போன் எடுத்தேன். ரொக்ஸ்பரோவில் அப்போது காலை. பாலா அண்ணையும் வந்திருக்கிறார், மலரை விரித்துப் பேனாவோடு இருக்கிறார் என்றார் அக்கா.

“ஏறிட்டியே?”

“ஏறிட்டன் அக்கா.”

“சுனை?”

“இல்லை. ஒரு கல்லுக் குவியல் இருக்கு. அவ்வளவுதான்.”

“அங்கையிருந்து பாக்க என்ன தெரியுது?”

நாலு பக்கமும் பார்த்தேன். என் சப்பாத்தும் கல்லுக் குவியலும் தவிர உலகமே வெள்ளையாக இருந்தது. பள்ளத்தாக்கில் ஒரு ஆற்றையும் நாலு ஆட்டையும் வைக்கலாமா என்று பழைய புத்தி ஒரு கணம் எட்டிப் பார்த்தது.

“ஒரே பனிப்புகார் அக்கா. ஒண்டும் தெரியேல்லை.”

அக்கா போனிலிருந்து முகத்தைத் திருப்பிச் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது.

“எழுதுங்கோ அண்ணை. ஒண்டும் தெரியேல்லை. கீழை சிவப்பிலை போடுங்கோ: கண்டது.”